பங்குப் பத்திரம் உடைமை ஆகாது

கேரளக் கடற்கரை தெற்கே முடியும் ஊர் பொழியூர். அதை ஒட்டித் தமிழ்நாட்டின் நீரோடி தொடங்குகிறது. 1956 நவம்பர் 1 அன்று மொழிவழி மாநிலங்கள் அமைந்தபோது விளவங்கோடு, கல்குளம், அகஸ்தீஸ்வரம், தோவாளை ஆகிய வட்டங்கள் சென்னை மாநிலத்தோடு இணைந்தன. நெய்யாற்றின்கரை வட்டம் கேரளத்தில் நின்றது. அன்று வகுக்கப்பட்ட கோட்டின் இருபுறமும் வாழும் மீனவர் ஒரே கடலில் வலை வீசுகின்றனர். பெண்கள் கரையில் ஏலத்தில் எடுத்த மீனைச் சருவத்தில் சுமந்து பாறசாலைக்கும் நெய்யாற்றின்கரைக்கும் களியக்காவிளைக்கும் கொண்டுசென்று விற்கின்றனர். கோட்டின் ஒருபுறம் ஒரு மீன்வளத்துறை, ஒரு நலவாரியம், ஒரு கூட்டுறவுச் சட்டம். மறுபுறம் வேறொரு துறை, வேறொரு வாரியம், வேறொரு சட்டம். மொழி, மாநிலம், சமயம், சாதி, கடற்கரை, உள்நாடு எனப் பல பிளவுகள் ஒன்றையொன்று வெட்டிச் செல்லும் நிலம் இது.

இந்நிலத்தில் மீன் விற்கும் பெண்கள் தாமே உறுப்பினராகவும் தாமே நிர்வாகிகளாகவும் விளங்கும் தொழிலாளர் கூட்டுறவுகளை நம் இயக்கம் முன்கை எடுத்து அமைக்க வேண்டும் என்பதே இக்கட்டுரையின் வாதம். இதை முன்வைத்ததும் நான்கு மறுப்புகள் எழுகின்றன. மகளிர் குழுக்கள் ஏற்கெனவே உள்ளனவே என்பது ஒன்று. கூட்டுறவின் காலம் முடிந்துவிட்டது, தொழிலாளர்க்கு நிறுவனத்தின் பங்குகளைக் கொடுப்பதே புதிய வழி என்பது இரண்டு. பிளவுபட்ட ஊரில் கூட்டுறவு நிலைக்காது என்பது மூன்று. கூட்டுறவு என்பதே சீர்திருத்தவாதம் என்பது நான்கு. முதல் மூன்றும் வெளியிலிருந்து வருபவை; நான்காவது நம் தோழர்களிடமிருந்தே வருகிறது. இரண்டாவதிலிருந்து தொடங்குவது பொருத்தம். ஏனெனில் அதற்குச் சான்றாகக் காட்டப்படுவது தமிழ்ப் பெண்கள் உழைக்கும் மூணாறு.

மூணாற்றின் ‘உடைமையாளர்கள்’

பொழியூரைப் போல மூணாறும் 1956-இன் எல்லைத் தகராற்றில் சிக்கிய மண்ணே. தேவிகுளம், பீர்மேடு வட்டங்களைத் தமிழகத்தோடு சேர்க்க வேண்டும் என்று திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் போராடியது. அவை கேரளத்திலேயே நின்றன. தமிழகத்திலிருந்து தலைமுறை தலைமுறையாகத் தோட்டங்களுக்குக் கொண்டுவரப்பட்ட, பெரும்பாலும் தலித் மக்களான தொழிலாளர், அங்கு மொழிச் சிறுபான்மையினராயினர். 2005 ஏப்ரல் 1 அன்று டாட்டா டீ நிறுவனம் மூணாற்றுத் தோட்டங்களின் நிர்வாகத்தை விட்டு விலகியது. கண்ணன் தேவன் மலைத் தோட்ட நிறுவனம் என்ற புதிய நிறுவனம் அவற்றை ஏற்றது. அதன் பெரும்பான்மைப் பங்குகள் ஊழியர் பெயரில் எழுதப்பட்டன. டாட்டா ஒரு சிறுபான்மைப் பங்கைத் தன்னிடமே வைத்துக்கொண்டது. ஏறத்தாழ 12,000 தொழிலாளர் ஒரே நாளில் உடைமையாளர் ஆகிவிட்டனர் என்று வணிக ஏடுகள் கொண்டாடின.

2015 செப்டம்பரில் அந்த உடைமையாளர்கள் தெருவில் அமர்ந்தனர். 19 விழுக்காடாக இருந்த போனஸை நிர்வாகம் 10 விழுக்காடாகக் குறைத்ததே உடனடிக் காரணம். ஆயிரக்கணக்கான பெண்கள் மூணாறு நகரின் சாலையை மறித்தனர். ‘பெம்பிளை ஒருமை’ என்ற பெயரை நாடு அறிந்தது அப்போதுதான். அன்று நாட்கூலி 232 ரூபாய். அதற்கு 21 கிலோ கொழுந்து கிள்ளியாக வேண்டும். போனஸும் கருணைத்தொகையும் சேர்த்து 20 விழுக்காட்டை அவர்கள் வென்றனர். பின்னர் 500 ரூபாய் கூலி கேட்டு மீண்டும் போராட்டம் எழுந்தது. அக்டோபரில் 301 ரூபாய் என்று முடிவாயிற்று.

தம் சொந்த நிறுவனத்தின் வாசலில் போனஸ் கேட்டு மறியல் செய்யும் உடைமையாளரை வேறெங்கேனும் கண்டதுண்டா? உடைமையாளர் என்போர் கணக்கைத் திறந்து பார்ப்பர். பிடிக்காத நிர்வாகியை மாற்றுவர். ஈட்டியதில் எவ்வளவு கூலிக்கு, எவ்வளவு சேமிப்புக்கு என்று தாமே தீர்மானிப்பர். மூணாற்றுப் பெண்கள் சாலையில் அமர்ந்ததன் பொருள், இவற்றுள் ஒன்றும் அவர்கள் கையில் இல்லை என்பதே. காரணம் எளிது. நிறுவனச் சட்டத்தில் வாக்கு பங்கைக் கணக்கிடும். கூட்டுறவில் வாக்கு ஆளைக் கணக்கிடும். பல்லாயிரம் பேரிடம் சிதறிக் கிடக்கும் சிறு பங்குகள், ஒருங்கே நிற்கும் பெரும் பங்கின் முன்னும் அன்றாட நிர்வாகத்தைக் கைப்பிடியில் வைத்துள்ள அதிகாரிகளின் முன்னும் வலுவற்றவை. நிர்வாகக் குழுவில் தொழிலாளர்க்கு ஓர் இருக்கை ஒதுக்கினாலும் இந்தக் கணக்கு மாறாது.

மலையாள ஆவணங்களைத் தமிழாக்கும்போது இடறும் சொற்களுள் ஒன்று ‘பங்காளி’. மலையாளத்தில் அது ‘பங்கேற்பவர்’ என்று பொருள்படும். ‘பங்காளித்தம்’ என்றால் பங்கேற்பு. தமிழிலோ பங்காளி என்பவர் தாயாதி. பாட்டன் சொத்தில் பிறப்புரிமை உள்ளவர். கணக்குக் கேட்கவும் பாகம் பிரிக்கச் சொல்லவும் உரிமை உடையவர். மூணாற்றில் தமிழ்ப் பெண்களுக்குக் கிடைத்தது மலையாளப் பொருளில் உள்ள பங்காளித்தம். நாம் கேட்பது தமிழ்ப் பொருளில் உள்ள பங்காளி உரிமை.

2020 ஆகஸ்ட் 6 இரவு, பெட்டிமுடியில் மலை சரிந்து அந்நிறுவனத்தின் லயங்கள்மேல் விழுந்தது. தொழிலாளரும் அவர்தம் குழந்தைகளுமாக 70 பேர் மாண்டனர். மாண்டோருள் மிகப் பலர் கயத்தாற்றுப் பகுதியை வேராகக் கொண்ட தமிழ்க் குடும்பத்தினர். பணி ஓய்வு பெற்றதும் தான் வாழ்ந்த லயத்தைக் காலி செய்து கொடுக்க வேண்டிய ஒருவரை ‘உடைமையாளர்’ என்று அழைப்பதற்கு முதலாளித்துவத்தின் நாக்கு மட்டுமே துணியும்.

2015-இன் மற்றொரு பாடத்தையும் மறைக்காமல் பேச வேண்டும். போராடிய பெண்கள் தொழிற்சங்கத் தலைவர்களை, கொடியின் நிறம் பாராமல், விலக்கி நிறுத்தினர். வெளியாரின் தூண்டுதல் என்று சிலர் அன்று இதை எளிதாக ஒதுக்கினர். அது வர்க்கப் பார்வை அன்று. கொழுந்து கிள்ளுவோர் பெண்களாகவும், அவர்கள் பெயரால் பேச்சுவார்த்தைக்குச் செல்வோர் ஆண்களாகவும் பல்லாண்டுகள் நீடித்தால், ஒருநாள் இந்த விலக்கல் வந்தே தீரும். நாம் அமைக்கும் கூட்டுறவும் அதே அச்சில் வார்க்கப்பட்டால் அதற்கும் அதே முடிவுதான்.

கடன்குழு கூட்டுறவு அன்று

இனி முதல் மறுப்பு. தமிழகத்தில் 1989-இல் தருமபுரியில் தொடங்கிய சுயஉதவிக் குழுக்களும், கேரளத்தில் 1998-இல் பிறந்த குடும்பஸ்ரீயும் இலட்சக்கணக்கான பெண்களை வீட்டுக்கு வெளியே கொண்டுவந்துள்ளன. ஊராட்சி மன்றங்களில் இன்று பேசும் பெண்களுள் எத்தனையோ பேர் இக்குழுக்களில் பேசப் பழகியவர்கள். இதைக் குறைத்து மதிப்பிடுவது நேர்மையாகாது.

ஆயினும் குழுவின் அடித்தளம் கடன்; கூட்டுறவின் அடித்தளம் தொழில். மீன் விற்கும் பத்துப் பெண்கள் ஒரு குழுவாக இருக்கின்றனர் என்று கொள்வோம். கடனைச் சேர்ந்தே வாங்குகின்றனர், சேர்ந்தே பொறுப்பேற்கின்றனர். மறுநாள் விடிகாலை ஏலத்துக்குச் சென்றதும் பத்துப் பேரும் பத்துத் தனி ஆட்கள். ஒருத்தி கேட்கும் விலையை அடுத்தவள் உயர்த்தியாக வேண்டும். பனிக்கட்டிக்குத் தனிப் பணம், வண்டிக்குத் தனிப் பணம், சந்தை வரிக்குத் தனிப் பணம். மாலையில் விற்காமல் எஞ்சும் மீனின் நட்டமும் அவளவள் தலையில். கடலடி நாட்களில் வருமானம் நிற்கும், தவணை நிற்பதில்லை. அப்போது கடன்காரனின் வேலையைக் குழுவே செய்கிறது: பக்கத்து வீட்டுக்காரி பக்கத்து வீட்டுக்காரியின் வாசலில் நிற்கிறாள். நுண்கடன் நிறுவனங்கள் வசூலிக்கும் வட்டிக்கு இருந்த உச்சவரம்பையும் ரிசர்வ் வங்கி 2022 ஏப்ரல் முதல் நீக்கிவிட்டது. ஒற்றுமை பெண்களுடையது, அதன் விளைச்சல் நிதி நிறுவனத்துடையது.

கூட்டுறவு இதைத் தலைகீழாக மாற்றும். ஏலத்தில் ஒரே குரலாக விலை கேட்பது, பனிக்கட்டியும் பெட்டியும் வண்டியும் பொதுவில் வைப்பது, எஞ்சும் மீனைக் கருவாடாகவோ ஊறுகாயாகவோ பொதுவில் மாற்றுவது, நட்டத்தைப் பகிர்வது, மிச்சத்தையும் பகிர்வது. இது கனவு அன்று. இதே கடற்கரையில் 1980-இல் உருவான தென்னிந்திய மீனவர் சங்கங்களின் கூட்டமைப்பு, முன்பணம் கொடுத்து மீனைத் தன் பிடியில் வைத்திருந்த தரகரின் இடத்தில் ஊர்ச் சங்கத்தின் ஏலத்தை நிறுத்திக் காட்டியது. ஆனால் அச்சங்கங்களின் அடிப்படை உறுப்பினர் கடலுக்குச் செல்லும் ஆண்கள். கரைக்கு வந்த மீனைப் பணமாக்கும் பெண்ணோ அந்த ஏலத்தில் வாங்குபவர்களுள் ஒருத்தி, உறுப்பினர் அல்லள். ஆணின் பிடி உயர்விலைக்கு விற்க விரும்பும். பெண்ணின் சருவம் தாழ்விலைக்கு வாங்க விரும்பும். ஒரே வீட்டுக்குள் இருக்கும் இந்த முரண்பாட்டைப் ‘பெண்கள் எங்கள் குடும்பத்தார்தானே’ என்ற சொல்லால் மூடிவிட முடியாது.

பேருந்தையே எடுத்துக்கொள்ளுங்கள். மீன் நாற்றம் என்று சொல்லி இறக்கிவிடப்பட்ட திருவனந்தபுரம் மாவட்டப் பெண்கள் திரண்டு போராடி, 1980-களின் தொடக்கத்தில் தமக்கெனத் தனிப் பேருந்து பெற்றனர். 2021 ஆகஸ்டில் கேரள அரசு அதே மாவட்டத்தில் மீன் விற்கும் பெண்களுக்குக் கட்டணமில்லாச் ‘சமுத்ரா’ பேருந்துகளை விட்டது. அதே ஆண்டு டிசம்பரில், கோட்டின் மறுபுறத்தில், குளச்சல் பேருந்து நிலையத்தில் மீன் விற்றுத் திரும்பிய முதிய பெண் ஒருவர் நாற்றம் என்று சொல்லப்பட்டுப் பேருந்திலிருந்து இறக்கிவிடப்பட்டார். பணியாளர் தற்காலிகப் பணிநீக்கம் செய்யப்பட்டனர். ஆளும் தரப்பு வருத்தம் தெரிவித்தது. ஓரிடத்தில் பேருந்து கிடைத்ததும் மற்றோரிடத்தில் இரக்கம் மட்டுமே கிடைத்ததும் தற்செயல் அன்று. திரண்ட பெண்கள் உரிமை பெற்றனர்.

பிளவு என்னும் சாக்கு

‘எல்லாம் சரி, ஆனால் இவ்வூர்கள் ஒன்றுபட்டால்தானே’ என்பது மூன்றாவது மறுப்பு. 1982 மார்ச்சில் மண்டைக்காட்டில் மூண்ட கலவரத்தை இம்மாவட்டங்களில் எவரும் மறக்கவில்லை. கடற்கரைக் கிறித்தவ மீனவருக்கும் உள்நாட்டு இந்துக்களுக்கும் இடையே வெட்டப்பட்ட அந்தப் பள்ளத்தை வாக்குகளாக அறுவடை செய்த மதவெறி அமைப்புகள் இன்றும் உழுதுகொண்டே இருக்கின்றன.

ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். எந்தக் கலவரத்துக்குப் பின்னும் மறுபக்கத்துத் தெருவுக்குள் முதலில் நடந்து செல்ல வேண்டியவள் யார்? தலையில் மீனைச் சுமந்தவள். அவளுக்கு அது நல்லிணக்க ஊர்வலம் அன்று. அடுப்பு எரிவதற்கான வழி. வாங்கும் வீட்டுக்காரியின் சமயமும் விற்பவளின் சமயமும் வேறாயிருந்தே இந்த வணிகம் நடந்து வந்துள்ளது. பிளவுகளைக் கடப்பது இப்பெண்களுக்குப் புதிதாகக் கற்பிக்க வேண்டிய பாடம் அன்று. அது அவர்களின் அன்றாடத் தொழில் நுட்பம். இல்லாதது அமைப்பு மட்டுமே.

அகமதாபாத்தைப் பாருங்கள். 1974-இல் சேவா அமைப்பைச் சேர்ந்த 4,000 பெண்கள் ஆளுக்குப் பத்து ரூபாய் போட்டுக் கூட்டுறவு வங்கி தொடங்கினர். எழுதத் தெரியாத பெண்கள் எப்படிக் கையொப்பம் இடுவர் என்ற கேள்விக்கு, கணக்குப் புத்தகத்தில் நிழற்படம் ஒட்டி விடை கண்டனர். இந்து, முஸ்லிம், தலித் பெண்கள் ஒரே பதிவேட்டில் இருந்தனர். 1981-இல் மருத்துவக் கல்லூரி இடஒதுக்கீட்டை எதிர்த்து அந்நகரில் சாதிக் கலவரம் மூண்டபோது, சேவா தலித்துகளின் பக்கம் நின்று பேசியது. அதற்காகவே தன் தாய்ச் சங்கமான மஜூர் மகாஜனிலிருந்து அது வெளியேற்றப்பட்டது. சேவா காந்திய மரபில் வந்த அமைப்பு. அதன் கோட்பாட்டோடு நமக்கு வேறுபாடு உண்டு. ஆனால் சாதிக் கலவரத்தின் நடுவே மௌனம் காத்த பெரிய சங்கத்தையும், வாய் திறந்த பெண்கள் அமைப்பையும் ஒப்பிட்டுப் பார்க்க அந்த வேறுபாடு தடையன்று.

மும்பையின் கிர்காவில் 1959 மார்ச் 15 அன்று ஏழு பெண்கள் 80 ரூபாய் கடனில் அப்பளம் இடத் தொடங்கியது மற்றொரு சான்று. லிஜ்ஜத் சட்டப்படி கூட்டுறவாகப் பதிவானது அன்று. ஆயினும் உழைக்கும் பெண் மட்டுமே உறுப்பினர், உறுப்பினர் அனைவரும் உடைமையாளர் என்ற விதியை அது விடவில்லை. சாதி, சமயம் கேட்டு எவரையும் சேர்ப்பதுமில்லை, விலக்குவதுமில்லை.

கூட்டுறவு கலவரத்தைத் தடுக்கும் மந்திரம் என்று நாம் சொல்லவில்லை. 2002-இல் குஜராத் எரிந்தபோது எந்தச் சங்கமும் அதைத் தடுத்துவிடவில்லை. நாம் சொல்வது இவ்வளவே: ஒற்றுமை முதலில் விளைந்து கூட்டுறவு பின்னர் முளைப்பதில்லை. பொதுக் கணக்கு, பொதுப் பெட்டி, பொது நட்டம் ஆகியவற்றின் நடுவேதான் ஒற்றுமைக்கு உடலும் உயிரும் கிடைக்கின்றன. ‘முதலில் ஒன்றுபடுங்கள்’ என்று பெண்களிடம் சொல்லிவிட்டுக் காத்திருப்பவர் நீச்சல் கற்ற பின்பே ஆற்றில் இறங்கச் சொல்கிறார்.

ரோசாவின் எச்சரிக்கை

நான்காவது மறுப்பு மதிப்புக்குரியது. சந்தையின் நடுவே நிற்கும் உற்பத்திக் கூட்டுறவில் தொழிலாளர் தம்மைத் தாமே சுரண்டும் முதலாளிகளாக மாற நேரும், இல்லையேல் அது கலைந்துபோகும் என்று ரோசா லக்சம்பர்க் 1899-இல் ‘சீர்திருத்தமா, புரட்சியா’ நூலில் எழுதினார். அந்த வாதத்தைப் பாதியோடு நிறுத்திக்கொள்வோர் நம்மிடையே உண்டு. உறுதியான நுகர்வோர் வட்டம் ஒன்றைப் பெற்றுவிட்டால் இத்தகைய கூட்டுறவு போட்டியின் பிடியிலிருந்து தப்பி நிற்க இயலும் என்பதையும் அவர் அங்கேயே சொல்கிறார். மார்க்ஸ் 1864-இல் அகிலத்தின் தொடக்க உரையில் கூட்டுறவுத் தொழிற்சாலைகளை உழைப்பின் பொருளாதாரம் கண்ட பெரும் வெற்றியாகப் போற்றினார். அரசியல் அதிகாரம் இன்றி அவை தனியே மக்களை விடுவிக்க மாட்டா என்றும் அங்கேயே எச்சரித்தார். ‘மூலதனம்’ மூன்றாம் தொகுதியிலோ, பங்கு நிறுவனத்தையும் கூட்டுறவுத் தொழிற்சாலையையும் அருகருகே வைக்கிறார். மூலதனத்துக்கும் உழைப்புக்கும் உள்ள முரண் முன்னதில் எதிர்மறையாகவும் பின்னதில் நேர்மறையாகவும் கடக்கப்படுகிறது என்பது அவர் கணிப்பு. மூணாற்றின் பங்குப் பத்திரத்துக்கும் நாம் கேட்கும் கூட்டுறவுக்கும் உள்ள வேறுபாடு இதுவே.

நம் வரலாறும் இதையே சொல்கிறது. பீடித் தொழிலாளர்க்கான 1966-ஆம் ஆண்டுச் சட்டத்தை ஈ.எம்.எஸ். அமைச்சரவை நடைமுறைப்படுத்த முனைந்தபோது, மங்களூர் முதலாளிகள் கண்ணூர்ப் பகுதியில் கடையை மூடினர். ஏறத்தாழ 12,000 பேர் வேலை இழந்தனர். 1969 பிப்ரவரியில் தினேஷ் பீடிக் கூட்டுறவு பிறந்தது. தொழிலாளரின் பங்குத்தொகைக்கு அரசு கடன் தந்தது. இயக்கம் விற்பனைக்குத் துணை நின்றது. பின்னர்ப் பீடிப் பழக்கம் குறைந்தபோது உணவுப் பொருள், குடை, ஆடை என அது வேறு தொழில்களுக்கு மாறியது. இதற்கு மறுதலையாக, மேற்கு வங்கத்தின் டூவார்ஸ் பகுதியில் முதலாளி கைவிட்டுப் போன சோனாலித் தேயிலைத் தோட்டத்தை 1974-இல் ஆதிவாசித் தொழிலாளர் கூட்டுறவாக்கினர். ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே கூலி கொடுத்தனர், தோட்டத்தை மீட்டெடுத்தனர். மீண்டது கண்டு பழைய நிர்வாகம் நீதிமன்றம் சென்றது; சில ஆண்டுகளிலேயே தோட்டம் அவர்கள் கையை விட்டுப் போனது. தினேஷுக்குப் பின்னால் அரசும் இயக்கமும் நின்றன. சோனாலி தனியே நின்றது. ரோசாவின் எச்சரிக்கை கூட்டுறவைக் கைவிடச் சொல்வதன்று. தனியே விடாதீர் என்று சொல்வது.

செய்ய வேண்டியவை

பொழியூர்ப் பெண்ணும் நீரோடிப் பெண்ணும் ஒரே சங்கத்தில் சேர விரும்பினால் இன்றைய சட்டப்படி அது பல மாநிலக் கூட்டுறவுச் சங்கம் ஆகிவிடும். பதிவாளர் தில்லியில் இருப்பார். 2021 ஜூலையில் தனிக் கூட்டுறவு அமைச்சகம் அமைத்து, 2023-இல் அச்சட்டத்தைத் திருத்தி, மாநிலங்களின் அதிகாரத்தை அரித்துவரும் ஒன்றிய அரசின் கையில் இப்பெண்களின் சருவத்தை ஒப்படைக்கத் தேவையில்லை. கோட்டின் இருபுறமும் அந்தந்த மாநிலச் சட்டப்படி இரு தொடக்கச் சங்கங்கள் அமையட்டும். கொள்முதல், வண்டி, பனிக்கட்டி, விற்பனை ஆகியவற்றில் அவை ஒப்பந்தத்தால் இணைந்து செயல்படட்டும்.

மீன் விற்றுப் பிழைக்கும் பெண் மட்டுமே உறுப்பினர். ஆளுக்கு ஒரு வாக்கு. பொறுப்புகள் சுழற்சி முறையில். மாதந்தோறும் கணக்கு தமிழிலும் மலையாளத்திலும் உரக்கப் படிக்கப்பட வேண்டும். எழுத்தறியாத உறுப்பினருக்குக் கணக்கைக் காதால் கேட்கும் உரிமை, கையெழுத்திடும் உரிமையைவிடப் பெரிது. பங்குத்தொகைக்கு தினேஷுக்குத் தந்தது போன்ற அரசுக் கடனும், மீன் இறங்கு தளங்களில் சங்கத்துக்கு ஏல உரிமையும் கேட்போம். அரசு மருத்துவமனைகள், விடுதிகள், குடும்பஸ்ரீ உணவகங்கள் ஆகியவற்றின் மீன் தேவையை இச்சங்கங்களிடம் வாங்கச் சொல்லி இரு மாநில அரசுகளையும் வற்புறுத்துவோம். ரோசா சொன்ன உறுதியான நுகர்வோர் வட்டம் அதுவே.

கட்சி உறுப்பினர்களின் இடம் எது? விண்ணப்பம் எழுதுவதும், சட்டம் விளக்குவதும், தரகரின் மிரட்டல் வரும்போது பக்கத்தில் நிற்பதும். தலைவர் நாற்காலி அன்று, செயலாளர் நாற்காலியும் அன்று. அவை சருவம் சுமப்பவர்களுக்கு உரியவை. மூணாற்றுப் பெண்கள் 2015-இல் தெருவில் அமர்ந்து சொன்னதை அடுத்த முறை அவர்கள் சொல்லும் வரை காத்திருக்க வேண்டாம், தோழர்களே. பொழியூர்க் கரையில் அடுத்த கிளைக் கூட்டத்தின் நிகழ்ச்சி நிரலில் இதை முதல் பொருளாக வைப்போம். அக்கூட்டத்தில் முதலில் பேசுபவர் மீன் விற்கும் பெண்ணாக இருக்கட்டும்.